தமிழின் முதல் படம் எடுத்த வேலூர்க்காரர்

தமிழில் முதல் படம் எது என்று நண்பர்களிடம் கேட்டுப் பாருங்கள். பாதிப் பேர் 1931ல் வந்த 'காளிதாஸ்' என்பார்கள். அது முதல் பேசும் படம். அதற்குப் பல வருடங்களுக்கு முன்பே சென்னையில் ஒருவர் முழுநீளப் படம் எடுத்துவிட்டார். அவர் நம்ம பக்கத்து ஊர்க்காரர் என்பதால்தான் இந்தக் கட்டுரை.

ஆர். நடராஜ முதலியார் 1885ல் வேலூரில் பிறந்தவர். (1989ல் பிரிக்கும் வரை வேலூரும் திருவண்ணாமலையும் ஒரே வட ஆற்காடு மாவட்டம்தான்.) சென்னையில் மோட்டார் காரும் உதிரி பாகங்களும் விற்றுக்கொண்டிருந்தார். தாதா சாகேப் பால்கேயின் படங்களைப் பார்த்ததும் தானும் எடுக்க ஆசை வந்தது. ஆனால் சொல்லித்தரத்தான் ஆள் வேண்டுமே? பூனாவுக்குப் போய், ஸ்டூவர்ட் ஸ்மித் என்ற ஆங்கிலேய ஒளிப்பதிவாளரிடம் கேமரா இயக்கக் கற்றுக்கொண்டார்.

திரும்பி வந்து 'இந்தியா ஃபிலிம் கம்பெனி'யைத் தொடங்கினார். கீழ்ப்பாக்கம் மில்லர்ஸ் சாலையில் ஸ்டூடியோ. சென்னை வெயிலில் பிலிம் கெட்டுவிடும் என்று, கழுவுவதற்கு பெங்களூருக்கு எடுத்துப் போனார். இப்படி உருவானதுதான் 'கீசக வதம்'. அது வந்த வருடம் 1916 என்பாரும் உண்டு, 1918 என்பாரும் உண்டு. அடுத்து 'திரௌபதி வஸ்திராபஹரணம்'. பெண்கள் நடிக்கத் தயங்கிய காலம், அதனால் அதில் திரௌபதியாக நடித்தவர் ஓர் ஆங்கிலோ இந்தியப் பெண்!

இந்த இரண்டு கதைகளையும் கவனியுங்கள். நம் ஊர்ப்பக்கம் திரௌபதி அம்மன் கோயில் திருவிழாவில் விடிய விடிய ஆடும் பாரதக் கூத்தில் வருபவைதான். படம் பேசாவிட்டால் என்ன, கதை ஏற்கெனவே ஜனங்களுக்குத் தெரியும். வியாபாரி அல்லவா, சரியாகத்தான் கணக்குப் போட்டிருக்கிறார்.

'லவ குசா', 'மார்க்கண்டேயா' என்று மேலும் சில படங்கள் எடுத்தார். 1923 வாக்கில் ஸ்டூடியோவில் தீ விபத்து. மகனையும் பறிகொடுத்தார். அதோடு சினிமாவை விட்டே ஒதுங்கிவிட்டார். 1971ல் காலமானார். அதாவது எம்.ஜி.ஆர், சிவாஜி படங்கள் ஓடிய காலம் வரை உயிரோடு இருந்திருக்கிறார்!

அவர் எடுத்த படங்களில் ஒன்றுகூட இன்று இல்லை. அந்தக் கால நைட்ரேட் பிலிம் எளிதில் தீப்பிடிக்கும், சும்மா வைத்தாலும் மட்கிப்போகும். சீனாவிலும் இதே கதைதான். அங்கே முதல் கதைப்படம் 1913ல் வந்தது, அது தொலைந்துவிட்டது. முழுதாகக் கிடைப்பதில் பழையது ஜாங் ஷிச்சுவான் 1922ல் எடுத்த ஒரு குறும்படம். பால்கேயின் 'ராஜா ஹரிச்சந்திரா'வில் சில ரீல்கள் மிஞ்சின. நாகர்கோவில்காரர் ஒருவர் தயாரித்த மலையாள மௌனப் படம் 'மார்த்தாண்ட வர்மா' (1933) பிழைத்ததற்குக் காரணம் பாதுகாப்பு அல்ல, பதிப்புரிமை வழக்கு! வழக்கில் மாட்டிய பிரதி பதிப்பகத்தில் முடங்கிக் கிடந்து, பிற்பாடு பூனா திரைப்படக் காப்பகத்துக்குப் போனது.

யாரும் பதிவு செய்யாத கூத்து இன்னும் நம் கிராமங்களில் உயிரோடு இருக்கிறது. பிலிமில் பதிவான கீசகன்தான் காணாமல் போய்விட்டான். கூத்தை அடுத்த தலைமுறைக்குச் சொல்லிக்கொடுக்க ஆள் இருந்தது. படப்பெட்டியைப் பத்திரமாக வைக்கத்தான் யாருமில்லை. உங்கள் வீட்டுப் பரணில் பழைய போட்டோ, கேசட், வீடியோ ஏதாவது கிடந்தால் தூக்கிப் போடுவதற்கு முன் ஒரு தரம் யோசியுங்கள் நண்பர்களே.