மலையடிவாரத்து மயிலும் சாம்பல் அணிலும்

திருவில்லிபுத்தூரின் ஸ்தலபுராணம் வேட்டையில் தொடங்குகிறது. வில்லி, கண்டன் என்னும் உடன்பிறந்த வேடர் இருவருள் கண்டன் புலிவாய்ப்பட்டு மாண்டான் என்றும், அவனைத் தேடி அலைந்த வில்லி பின்னர்க் காடு திருத்தி ஊர் கண்டான் என்றும் கூறும் அக்கதையைச் சரித்திர ஆதாரமாகக் கொள்ள இயலாதெனினும், மேற்குத் தொடர்ச்சி மலையின் இவ்வடிவாரம் முழுவதும் ஒரு காலத்தில் வனமாகவே இருந்தது என்னும் நினைவு அதில் தங்கியிருக்கிறது எனக் கருதத் தடையில்லை.

அவ்வனம் அரசாங்கத்தின் காப்புக்காடாக மாறுவதற்கு வழிவகுத்த 1882-ஆம் ஆண்டுச் சென்னை வனச் சட்டம், பிரதானமாக மரத்தின் பொருட்டு இயற்றப்பட்டதேயன்றி விலங்கின் பொருட்டன்று. விலங்குகளைப் பற்றிய அறிவோ மெல்லவே விருத்தியடைந்தது. 1948-இல் இம்மலைத்தொடரைச் சேர்ந்த மேகமலையில் இயற்கை ஆர்வலர் ஆங்கஸ் ஹட்டன் பிடித்த பழந்தின்னி வௌவால் ஒன்று சாதாரண இனமென்றே பம்பாயில் வைக்கப்பட்டிருக்க, அது தனிப் பேரினம் என்று 1972-இல் தாய்லாந்து அறிஞர் கிட்டி தொங்லொங்யா கண்டு, அதற்குப் பறவையியலாளர் சாலிம் அலியின் பெயரைச் சூட்டினார். அறிஞர் கைக்கு எட்டிய பின்னும் ஒரு பிராணி இருபத்துநான்கு ஆண்டுகள் அறியப்படாமலே கிடந்தது!

அதே 1972-இல் வந்த வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் வழியே 1988-இல் இங்கே சுமார் 485 சதுர கிலோமீட்டரில் சரணாலயம் அமைந்தபோது, யானையும் சிறுத்தையும் வரையாடும் உலவும் அம்மலைக்குப் பெயர் கொடுத்தது சாம்பல் நிற அணிலே. இத்தேர்வு மிகப் பொருத்தமானது என்பது என் துணிபு. கிளைக் கவட்டில் இலையும் சுள்ளியும் சேர்த்துக் கூடு கட்டி, தரையில் இறங்க அஞ்சி, ஒரு மரத்தின் முடியிலிருந்து அடுத்ததன் முடிக்குத் தாவியே உயிர்வாழும் இவ்வணில், கிளையோடு கிளை கோத்த தோப்பு அறுபடாதிருக்கும் இடத்தில்தான் நிலைக்கும். அடிவாரத்துச் செண்பகத்தோப்பை ஒட்டிய பட்டா நிலங்களின் மாவும் புளியும் அதற்குக் காட்டின் தொடர்ச்சியே ஆகும்.

மயிலின் கதை இதற்கு நேர்மாறானது. அடிவாரத்து முட்புதரே அதன் இயல்பான உறைவிடம். 1963-இல் தேசியப் பறவையாகி, சட்டத்தின் காவலையும் முருகன் வாகனம் என்னும் பக்தியையும் ஒருங்கே பெற்ற அது, சீமைக்கருவேல் மண்டிய கண்மாய்க்கரைகள் வழியே சமவெளியெங்கும் பரவிற்று. தரையில் இடும் முட்டையைக் கவரும் நரி குறைந்ததும் ஒரு காரணமாகலாம். வத்திராயிருப்பை அடுத்த சுந்தரபாண்டியம் போன்ற ஊர்களின் வயல்களில் மயில் இன்று விருந்தாளியன்று; விதைத்த கடலையைக் கிளறும் பங்காளி. விரட்டிச் சலித்த விவசாயியின் கோபத்தைப் பக்திக் குறைவென்று கொள்வது நியாயமாகாது.

2021-இல் சரணாலயமும் மேகமலையும் இணைந்து, ஆயிரம் சதுர கிலோமீட்டருக்கு மேற்பட்ட புலிகள் காப்பகமாக உயர்ந்தன. மேற்கே பெரியாறு வனத்தோடு தொடர்ந்து நிற்பதால் புலிக்கு இது பெரும் பேறு. ஆயினும் அணில் கூடு கட்டும் தோப்புகளுட் பலவும், மயில் இரை தேடும் வயலும் அவ்வெல்லைக்கு வெளியே உள்ளன. ஆதலின் இப்பிரதேசத்து ஜீவராசிகளின் சரித்திரத்தை எழுத முற்படுவோர், வனத்துறையின் வரைபடத்தோடு, எந்தப் புலத்தில் எப்போது மாந்தோப்பு அழிந்து வேறு பயிர் வந்தது என்பதைக் காட்டும் கிராம அடங்கல் ஏட்டையும் சேர்த்து வாசித்தல் வேண்டும்.