விண்கலமும் சூரியனும்: அசிமோவின் பேரரசில் அதிகாரமும் அடையாளமும்

விண்கலமும் சூரியனும் சேர்ந்த சின்னம், ஐசக் அசிமோவின் 'ஃபவுண்டேஷன்' கதைவரிசையில் வரும் விண்மீன் மண்டலப் பேரரசின் அரசமுத்திரை. கதைப்படி அந்தப் பேரரசு 12,000 ஆண்டுகள் நீடித்தது, ஏறத்தாழ 2.5 கோடி உலகங்களை ஆண்டது. தலைநகரம் ட்ரான்டர் என்ற கோள். அதன் தரை முழுவதையும் உலோகம் மூடியிருக்கும், மக்கள்தொகை 4,000 கோடிக்கு மேல். மண்ணும் மரமும் வெளியே தெரிவது பேரரசரின் அரண்மனை வளாகத்தில் மட்டுமே, அதுவும் நூறு சதுர மைல். ட்ரான்டரில் செங்கோலைவிடப் பச்சைப் புல்லே பெரிய அரச அடையாளம்.

கதை பிறந்த நாள் 1941 ஆகஸ்ட் 1. நியூயார்க்கில் பத்திரிகை ஆசிரியர் ஜான் கேம்பெல்லைப் பார்க்கச் சுரங்க ரயிலில் போய்க்கொண்டிருந்த அசிமோவ், கையிலிருந்த நாடகத் தொகுப்பை எங்கோ ஓரிடத்தில் திறந்தார். தேவதை அரசி ஒரு படைவீரன் முன்னே மண்டியிடும் படம் கண்ணில் பட்டது. படைவீரனிலிருந்து பேரரசுகளுக்கும், அங்கிருந்து ரோமாபுரியின் வீழ்ச்சிக்கும் அவர் எண்ணம் ஓடியது. கிப்பன் எழுதிய ரோமானிய வரலாற்றை ஏற்கெனவே படித்திருந்தவர் அவர். முதல் கதை 1942 மே மாத 'அஸ்டவுண்டிங்' இதழில் வந்தது. கதைகள் 1951 முதல் 1953 வரை மூன்று நூல்களாயின.

முதல் நூலின் தொடக்கக் கதையிலேயே அதிகாரமும் அடையாளமும் வேறு வேறு கைகளில் இருக்கின்றன. பேரரசரின் பெயரில் நடக்கும் ஆட்சி, உண்மையில் லிங்கே சென் தலைமையிலான பொதுப் பாதுகாப்பு ஆணையத்தின் ஆட்சி. பேரரசர் முதலாம் கிளியோன் கொலையுண்ட பிறகு பிரபுக்கள் கைப்பற்றிய அதிகாரம் அது. 1951 நூலில் அந்தக் கொலைக்கு ஒரு வரிதான். முழுக் கதையையும் அசிமோவ் தம் கடைசி நாவலில்தான் சொன்னார். அது அவர் மறைவுக்குப் பிறகு 1993இல் வெளிவந்தது. கொன்றவன் சதிகாரன் அல்ல, தோட்டக்காரன். பேரரசர் அன்போடு அவனுக்குத் தலைமைப் பதவி கொடுத்தார். மண்ணை விட்டு மேசைமுன் உட்கார வேண்டுமே என்ற தவிப்பில் அவன் அவரைச் சுட்டான். தான் கொடுப்பது வரமா தண்டனையா என்பதுகூட அரியணையில் இருப்பவருக்குத் தெரியவில்லை. இந்த வரிசையில் என்னை மிகவும் உலுக்கிய காட்சி இதுதான்.

எல்லைப்புறத்தில் அதிகாரம் முதலில் சொற்களில் வற்றியது. டெர்மினஸ் கோளுக்கு வந்த அரசப் பிரதிநிதி டார்வின் பிரபு ஐந்து நாள் பேசினார், உறுதிகள் அளித்தார். அவர் பேச்சைக் குறியீட்டுத் தருக்கத்தில் போட்டு, ஒன்றையொன்று அடித்துக்கொள்ளும் வாக்கியங்களைக் கழித்தபோது மிச்சம் எதுவுமில்லை. பேரரசுக்கும் அனக்ரியான் என்ற அண்டை அரசுக்கும் இடையிலான உடன்படிக்கையையும் அப்படியே சலித்தார்கள். பேரரசுக்கு அனக்ரியான் மீது எந்த உரிமையும் இல்லை என்பதே அதில் தேறியது.

சின்னம் மட்டும் நின்றது. கொரெல் கோளுக்குப் போன வணிகன் ஹோபர் மாலோ, காவலர்களின் துப்பாக்கியைப் பார்த்துத் திடுக்கிடுகிறான். அணுசக்தியில் இயங்கும் ஆயுதம். பிடியில் ஆழமாகச் செதுக்கி, பொன் பூச்சு தேய்ந்துபோன நிலையில் விண்கலமும் சூரியனும். டெர்மினஸில் தொகுக்கப்படும் கலைக்களஞ்சியத்தின் ஒவ்வொரு தொகுதியிலும் அவன் கண்டு பழகிய முத்திரை அது. இந்தப் பக்கமெல்லாம் பேரரசு எப்போதோ மறைந்துவிட்டது என்றே அவனுடைய ஊரில் நம்பியிருந்தார்கள்.

அந்த ஆயுதத்தின் மூலத்தைத் தேடி அவன் போன சிவென்னா கோளில் ஓனம் பார் என்ற முதியவரைச் சந்திக்கிறான். அவர் சொல்வது இது: ஆளுநர் பேரரசருக்கு எதிராகக் கிளம்பியபோது, மக்கள் பேரரசர் பக்கம் நின்று அவனை வீழ்த்தினார்கள். படையோடு வந்த தளபதிக்கோ, கலகப் பிரதேசத்தை வென்றவன் என்ற பெயர் வேண்டும். விசுவாசமாக இருந்த ஊரையே வெட்டிச் சாய்த்தான். கொடிக்காக நின்றவர்கள் அதே கொடியின் கீழ் செத்தார்கள். அங்குள்ள மின்நிலையத்தைத் தலைமுறை தலைமுறையாகக் காத்துவரும் பணியாளனிடம் மாலோ ஒரே கேள்விதான் கேட்கிறான்: குழாய் ஒன்று உடைந்தால் என்ன செய்வாய்? அவனிடம் பதில் இல்லை. முன்னோர் கட்டியது, என்றும் ஓடும் என்பதே அவன் நம்பிக்கை. மாலோவுக்கு அது போதுமாக இருந்தது. இயந்திரத்தைப் பழுதுபார்க்கத் தெரியாத பேரரசு, அதனிடம் ஆயுதம் வாங்கிய கொரெலை எத்தனை நாள் தாங்கும் என்று கணக்குப் போட்டுவிட்டான்.

பின்னால் வரும் கதையில் இரண்டாம் கிளியோனை நாம் நோய்ப்படுக்கையில் பார்க்கிறோம். வலிமையான கடைசிப் பேரரசர் அவர். அவருடைய சிறந்த தளபதி பெல் ரியோஸ் வெற்றிமேல் வெற்றி பெறும் வேளையில் திருப்பி அழைக்கப்பட்டுக் கொல்லப்படுகிறான். பேரரசர் பலவீனராயிருந்தால் வலிமையான தளபதி அரியணையையே பிடிப்பான். வலிமையானவரோ அப்படி ஒரு தளபதியை வளரவிடமாட்டார். கிழக்கு ரோமானியப் பேரரசர் ஜஸ்டினியனிடம் பணியாற்றிய தளபதி பெலிசாரியஸின் நிழல் ரியோஸ் மேல் விழுந்திருக்கிறது.

2021இல் தொடங்கிய ஆப்பிள் தொலைக்காட்சித் தொடர் வேறு வழியில் போனது. முதலாம் கிளியோனின் நகல்களே விடியல், பகல், அந்தி என்ற மூன்று வயது நிலைகளில் சேர்ந்து ஆள்கிறார்கள். அங்கே முத்திரை உடம்புதான். அசிமோவில் இல்லாத கற்பனை என்றாலும் சிந்தித்துச் செய்த மாற்றம்.

மூலக் கதையில் ட்ரான்டர் சூறையாடப்பட்டபின், ஒன்பதாம் டாகோபெர்ட் இருபது வேளாண் உலகங்களை வைத்துக்கொண்டு நியோட்ரான்டரில் அரசவை நடத்துகிறார். ட்ரான்டரில் பிழைத்தவர்கள் உலோகத் தளத்தைப் பெயர்த்து விற்று, விதையும் கால்நடையும் வாங்கி, வெளிப்பட்ட மண்ணில் உழுகிறார்கள். பேரரசர்களின் பச்சை நிலம் இப்போது எல்லோருடையதும். அங்கிருந்து கல்கன் கோளின் விண்நிலையத்துக்கு வந்த பிரீம் பால்வர், கூட்டுறவுப் பண்ணைக்காகச் சரக்குப் பேசப் போன நாட்டுப்புறக் கிழவர். கூடவே அவர் மனைவியும் இருக்கிறார். திக்குத் தெரியாமல் நிற்கும் சிறுமி ஆர்காடியை அவர்தான் காவலர்களிடமிருந்து காப்பாற்றி அழைத்துப் போகிறார். மண்டலத்தின் எதிர்காலத்தை மறைவிலிருந்து நடத்தும் 'இரண்டாம் ஃபவுண்டேஷன்' என்ற அமைப்பின் தலைவர் அவரே என்பது கதையின் கடைசியில்தான் தெரிகிறது. அவர் சட்டையில் எந்தச் சின்னமும் இல்லை.