திலிம்ஸானிலிருந்து புறப்பட்ட இருபது

உம்முல் பராஹீன் சில பக்கங்களே உள்ள கிதாப். இன்றைய அல்ஜீரியாவின் மேற்கில் இருக்கும் திலிம்ஸான் நகரில், 15ஆம் நூற்றாண்டில் முஹம்மது இப்னு யூசுப் அஸ்ஸனூஸி எழுதியது. அகீதா என்னும் நம்பிக்கைக் கோட்பாட்டைப் பற்றிப் பெரியது, நடுத்தரம், சிறியது என்று அடுத்தடுத்து எழுதியவர் அவர். 1490இல் அவர் மறைந்த பிறகு ஊர் ஊராகப் போனது இந்தச் சிறியதுதான்.

சொர்க்கம், நரகம் என்று எடுத்த எடுப்பில் அது பேசுவதில்லை. அறிவு எதைப் பற்றியும் மூன்றில் ஒரு தீர்ப்புத்தான் சொல்லும் என்று தொடங்குகிறது: இருந்தே தீரும், இருக்கவே முடியாது, இருக்கலாம் இல்லாமலும் போகலாம். அதன்படி அல்லாஹ்வுக்கு அவசியமான பண்புகள் இருபது. உள்ளமை, தொடக்கமின்மை, முடிவின்மை, ஆற்றல், நாட்டம், அறிவு என்று அந்த வரிசை போகும். அவற்றுக்கு நேர் எதிரானவை, அவனுக்கு ஒருபோதும் ஆகாதவை, இன்னொரு இருபது. எதையும் செய்வதும் செய்யாமல் விடுவதும் அவனுக்கு ஆகும் என்பது தனியாக ஒன்று. ரசூல்மாருக்கு, அதாவது இறைத்தூதர்களுக்கு, வாய்மை, நம்பகம், தூதை எத்திவைத்தல் ஆகியவை அவசியம், அவற்றின் எதிர்கள் மூன்றும் ஆகாதவை, நோய்நொடி வரலாம். ஒவ்வொன்றுக்கும் ஆதாரம் தருகிறார். உலகம் அசைகிறது, நிற்கிறது. மாறுவதெல்லாம் புதிதாக உண்டானது. உண்டானதற்கு உண்டாக்கியவன் வேண்டும். கடைசியில் இவ்வளவையும் கலிமாவின் இரண்டு வாக்கியங்களுக்குள் அடக்கிக் காட்டுகிறார். எனக்கு இந்தக் கிதாபின் அழகே அந்த இடம்தான்.

ஸனூஸியின் கவலை தக்லீத். வாப்பா சொன்னார், ஊர் சொன்னது என்பதற்காக நம்புவது போதாது, ஆதாரம் தெரிந்து நம்ப வேண்டும் என்றார். அந்தக் கண்டிப்பைச் சிலர் கையில் பிரம்பாக எடுத்துக்கொண்டார்கள். 17ஆம் நூற்றாண்டு மொராக்கோவில் பாமரர்களை நிறுத்தி அகீதாவில் கேள்வி கேட்டு, விளக்கத் தெரியாதவர் முஸ்லிமே அல்ல என்று சொல்லும் அளவுக்குப் போயிற்று. அல்ஹசன் அல்யூஸி போன்ற ஆலிம்கள் அதைக் கண்டித்தார்கள். மாடு மேய்ப்பவனிடம் தர்க்கவாதியின் பேச்சை எதிர்பார்ப்பது என்ன நியாயம்?

கெய்ரோவில் கிதாப் பருத்தது. மூலத்துக்கு ஸனூஸியே ஷரஹ், அதாவது விரிவுரை, எழுதியிருந்தார். அந்த ஷரஹுக்கு, 1815இல் மறைந்த தசூகி ஹாஷியா, அதாவது ஓரக்குறிப்புரை, எழுதினார். ரசூல்மாரின் மதிநுட்பத்தையும் அதன் எதிரையும் பின்வந்தவர்கள் சேர்க்க, கணக்கு ஐம்பதில் வந்து நின்றது. மேற்கு ஆப்பிரிக்காவின் ஃபுலானி மக்களிடம் அரபு தெரியாதவர்களுக்கும் வாய்மொழியாகவே இந்தப் பாடம் போய்ச் சேர்ந்தது. 1848இல் லைப்சிக்கில் ஜெர்மன் மொழிபெயர்ப்போடு அச்சானது.

கிழக்கே ஜாவாவின் மத்ரசா மாணவன் அகன்ற இடைவெளி விட்ட அரபு வரிகளுக்குக் கீழே, ஒவ்வொரு சொல்லின் பொருளையும் ஜாவா மொழியில், அரபு எழுத்திலேயே, பொடிப்பொடியாகச் சரித்து எழுதிக்கொள்வான். பத்தானியைச் சேர்ந்த ஜைனுல் ஆபிதீன் ஹிஜ்ரி 1308இல் மலாயில் இதற்கு விரிவுரை முடித்தார். மலாய் பேசும் ஊர்களில் இதற்கு ‘சிஃபாத் துவா புலூ’ என்றே பெயர், இருபது பண்புகள்.

இருபதாம் நூற்றாண்டுச் சீர்திருத்தக்காரர்கள் எதிர்த்தார்கள். குர்ஆனில் இல்லாத இந்த எண்ணிக்கை எதற்கு, கிரேக்கத் தர்க்கம் எதற்கு என்றார்கள். ஆனாலும் ஜாவாவின் பல பள்ளிவாசல்களில் பாங்குக்கும் இகாமத்துக்கும் இடையே ‘உஜூத், கிதம், பகா’ என்று அந்தப் பண்புகளை ஒலிபெருக்கியில் ராகமாக ஓதுகிறார்கள். பிள்ளைகளுக்குத் தலைகீழ்ப் பாடம். அந்த ராகத்தில் ஆதாரங்கள் வருவதில்லை. அவற்றுக்கு உஸ்தாத் முன்னால்தான் போய் உட்கார வேண்டும்.