சிசுக்கொலையும் பரிணாம விளக்கமும்: தர்மபுரி மாவட்ட அனுபவம்

தர்மபுரி மாவட்டம் அரூர் வட்டத்திலுள்ள தீர்த்தமலையில் சிவபெருமான் தீர்த்தகிரீசுவரர் என்ற பெயரில் வழிபடப்படுகிறார். பூசைக்கு நீர் கொண்டுவரப் போன அனுமன் வரத் தாமதமானதால் இராமரே அம்பெய்து மலையில் ஊற்றை உண்டாக்கினார் என்பது தல வரலாறு. பிந்தி வந்த அனுமன் வீசிய நீர் விழுந்த இடமே தென்பெண்ணைக் கரையிலுள்ள அனுமன்தீர்த்தம் என்பர். அந்த அனுமனின் பெயரைத் தாங்கிய ஒரு குரங்கினம், மனித நடத்தையின் உயிரியல் வேர்களைப் பற்றி இருபதாம் நூற்றாண்டில் எழுந்த பெரிய விவாதம் ஒன்றின் மையத்தில் இருந்தது. விவாதப் பொருள் சிசுக்கொலை. 1990-களில் தர்மபுரி மாவட்டம் நாடெங்கும் பேசப்பட்டதும் பெண்சிசுக் கொலையால்தான். குரங்கிடம் கண்டதை வைத்து மனிதரை எவ்வளவு தூரம் விளக்கலாம் என்று பார்க்க இந்த மாவட்டத்தின் வரலாறு உதவுகிறது.

அனுமன் மந்தி ஆய்வுகள்

கோயில்களில் தேங்காய் பறிக்கும் நாட்டுக்குரங்கு வேறு, நீண்ட வாலும் கரிய முகமும் கொண்ட அனுமன் மந்தி வேறு. மந்திக் கூட்டங்கள் பலவற்றில் முதிர்ந்த ஆண் ஒன்றே இருக்கும். வெளியிலிருந்து வரும் ஆண் அதை விரட்டிவிட்டுக் கூட்டத்தைக் கைப்பற்றுவதுண்டு. அப்படிக் கைப்பற்றிய ஆண் அங்கிருந்த குட்டிகளைக் கடித்துக் கொல்வதை, 1960-களின் தொடக்கத்தில் கர்நாடகத்தின் தார்வாடு பகுதியில் ஜப்பானிய ஆய்வாளர் யுகிமாரு சுகியாமா பதிவு செய்தார்.

இதற்குக் கூட்ட நெரிசலே காரணம் என்ற எண்ணத்துடன் 1971-இல் ராஜஸ்தானின் அபு மலைக்கு வந்தவர் அமெரிக்க மானிடவியலாளர் சாரா பிளாஃபர் ஹர்டி. அங்கே கண்டவை அவருடைய எண்ணத்தை மாற்றின. குட்டிகள் சாவது நெரிசலைப் பொறுத்ததாக இல்லை, ஆண் மாறுவதைப் பொறுத்ததாக இருந்தது. பாலூட்டுவது நின்றால் தாய் விரைவில் மீண்டும் சினைப்பருவம் அடையும். ஆகவே பிற ஆணின் குட்டியைக் கொல்லும் ஆணுக்குத் தன் வாரிசைப் பெற்றுக்கொள்ளக் கூடுதல் காலம் கிடைக்கிறது என்று அவர் விளக்கினார். அவரது நூல் 1977-இல் வெளிவந்தது. இது இயல்பான நடத்தையே அல்ல, மனிதத் தலையீட்டால் நேர்ந்த கோளாறு என்று ஃபிலிஸ் டோலினோ போன்றோர் மறுத்தனர். சச்சரவு ஏறத்தாழ இருபது ஆண்டுகள் நீடித்தது. 1999-இல் நேபாளத்தின் ராம்நகர் மந்திகளிடம் செய்த மரபணுச் சோதனையில், குட்டிகளைத் தாக்கிய ஆண்கள் அவற்றின் தந்தையர் அல்ல என்று தெரியவந்தது. குரங்கைப் பொறுத்தவரை ஹர்டியின் பக்கமே வலுத்தது.

மனிதருக்கு நீட்டிய முயற்சி

மந்தி கொல்வது அயலானின் குட்டியை. ஆண், பெண் பார்த்து அல்ல. மனிதரில் சொந்தக் குடும்பமே பெண் குழந்தையை மட்டும் கொன்றதை இந்த விளக்கத்தால் தொடக்கூட முடியாது. ஆகவே வேறொரு கோட்பாடு தேவைப்பட்டது. 1979-இல் மில்ட்ரெட் டிக்மன், வட இந்தியாவின் காலனியகாலப் பதிவுகளைக் கொண்டு அதை முன்வைத்தார். (ஜான்பூர்ப் பகுதியில் ஜோனதன் டங்கன் இவ்வழக்கத்தைப் பதிவு செய்தது 1789-இல், தடைச் சட்டம் வந்தது 1870-இல்.) பெண்ணை மேல்நிலைக் குடும்பத்திற்கே மணம் முடிக்கும் சமூகத்தில், உச்சியில் உள்ளோரின் மகள்களுக்குப் போக இடமில்லை. அவர்களின் மகன்களுக்கோ துணைகள் பலர் கிடைப்பர். எனவே மேல்தட்டினர் மகன்களை வளர்த்து மகள்களைத் தவிர்ப்பது பரம்பரைப் பெருக்கத்திற்கு லாபம் என்பது அவர் வாதம்.

கணக்கு அழகாகத்தான் இருக்கிறது. தர்மபுரியில் அது பொருந்தவில்லை. இங்கே உறவுக்குள், அத்தை மகன், மாமன் மகள் என்று சமநிலையில் மணம் முடிப்பதே நெடுங்கால மரபு. மாப்பிள்ளை வீட்டார் பரிசம் தருவதே வழக்கமாக இருந்தது; இருபதாம் நூற்றாண்டில்தான் வரதட்சிணை அதன் இடத்தைப் பிடித்தது. குழந்தைகளை இழந்த வீடுகளும் மேல்தட்டு வீடுகள் அல்ல, பெரும்பாலும் சிறு விவசாயிகளும் கூலித் தொழிலாளர்களும். பல வீடுகளில் முதல் பெண் குழந்தை வளர்க்கப்பட்டது. ஆபத்து இரண்டாவது, மூன்றாவது பெண்ணுக்கு வந்தது. வட ஆற்காட்டுப் பகுதியில் நடத்தி 1992-இல் வெளியிடப்பட்ட ஓர் ஆய்வு இன்னொன்றையும் காட்டியது: சில ஊர்களில் இவ்வழக்கம் இருந்தது, பக்கத்து ஊர்களில் இல்லை. ஊர் எல்லையில் மரபணு மாறுவதில்லை.

சமூகக் காரணம்

ஆரம்ப சுகாதார நிலையப் பதிவேடுகளில் இந்த மரணங்கள் ‘சமூகக் காரணம்’ என்ற தலைப்பில் எழுதப்பட்டன. கொலை என்று எழுதத் தயங்கியவர்கள் தேர்ந்த மங்கலச் சொல் அது. ஆனால் மேற்சொன்ன கோட்பாடுகளைவிட அது உண்மைக்கு நெருக்கமாக இருந்தது. ஷீலா ராணி சுங்கத், வெ.ப. ஆத்ரேயா ஆகியோர் 1990-களின் பிற்பகுதியில் இந்தப் பதிவேடுகளைக் கொண்டே சிக்கலின் பரப்பை வெளிக்கொணர்ந்தனர்.

தொட்டில் குழந்தைத் திட்டம் 1992-இல் சேலத்தில் தொடங்கியது. 2001-இல் தர்மபுரிக்கும் வந்தது. இடையில், 1997 முதல் 1999 வரை, மாவட்டத்தில் ஒரு சமூக இயக்கம் நடந்தது. கலைப்பயணக் குழுக்கள் ஊர் ஊராகச் சென்று இதை நாடகமாக நடித்தன. அதுவரை வீட்டுக்குள் மட்டும் பேசப்பட்டது ஊர்ப் பொதுவிடத்திற்கு வந்தது. ஆறு வயதுக்குட்பட்டோரில் ஆயிரம் ஆண்களுக்குப் பெண்களின் எண்ணிக்கை 2001 கணக்கெடுப்பில் இம்மாவட்டத்தில் 900-க்குக் கீழே இருந்தது. 2011-இல் 900-ஐத் தாண்டியது. அப்போது மாநில அளவு 943. கருவிலேயே பாலினம் பார்க்கும் முறைக்கு 1994-ஆம் ஆண்டுச் சட்டம் தடை விதித்திருந்தும் அது மறையவில்லை. ஆகவே இந்த உயர்வை முழு வெற்றியாகக் கொள்ள முடியாது. ஆயினும் பத்தாண்டு என்பது மனிதரில் அரைத் தலைமுறைகூட இல்லை. இயற்கைத் தேர்வு அந்த வேகத்தில் வேலை செய்யாது.

அப்படியானால் உயிரியலுக்கு இதில் பங்கே இல்லையா? இருக்கிறது, வேறோர் இடத்தில். ஹர்டி 1999, 2009 ஆண்டுகளின் நூல்களில் தன் கவனத்தைக் கொல்லும் ஆணிடமிருந்து தாயின் பக்கம் திருப்பினார். மனிதக் குழந்தையை ஒரு தாய் தனியாக வளர்த்துவிட முடியாது. பாட்டி, அக்கா, அத்தை என்று பிறர் கை கொடுத்தே நம் இனம் பிழைத்தது. எனவே உதவி கிட்டுமா என்பதைப் பொறுத்தே தாயின் பற்று இறுகவும் தளரவும் கூடும் என்றார். அனுமன் மந்திகளும் பிறந்த குட்டியைக் கைமாற்றித் தூக்கி வைத்துக்கொள்பவைதாம். குறுந்தொகையின் 69-ஆம் பாடலில் துணையை இழந்த மந்தி, தன் குட்டியைச் சுற்றத்திடம் சேர்த்துவிட்டே உயிர்விடுகிறது.

பிரசவித்த பெண்ணைச் சுற்றி நிற்பவர்கள் என்ன சொல்கிறார்கள் என்பதே முடிவைத் தீர்மானித்தது. தர்மபுரியில் அதைச் சொன்னவர் பெரும்பாலும் மாமியாரோ கணவரோ. கலைப்பயணமும் கிராம சுகாதாரச் செவிலியரும் மாற்ற முயன்றது அந்தப் பேச்சைத்தான்.