இருப்புப் பாதையை எதிர்த்த தளபதி

ஆண்டுக்கொரு முறை பாஸ் எழுதி வாங்கிக்கொண்டு, குழந்தை குட்டிகளுடன் ஹௌரா மார்க்கமாக ஊருக்குப் புறப்படும் நம் காலனிவாசிகளுக்கு ராஜமகேந்திரவரத்துக் கோதாவரிப் பாலம் புதிதன்று. வண்டி பாலத்தின்மேல் ஏறியதும் தாய்மார்கள் கைகூப்பி ஆற்றிலே காசு போடுவார்கள். சிறுவர்கள் தூண்களை எண்ணத் தொடங்கி நடுவிலே தவறவிடுவார்கள். அவ்விடத்திற்குத் தெற்கே சில மைல் தொலைவில், தவளேசுவரம் என்னும் ஊரில், கோதாவரிக்கு முதன்முதல் அணை கட்டியவர் ஓர் ஆங்கிலத் தளபதி. இந்தியாவுக்கு ரயில் வேண்டுவதில்லை, தண்ணீர்தான் வேண்டும் என்று கடைசி மூச்சுவரை வாதாடியவர் அவர். ரயில்வேயின் உப்பைத் தின்று வாழும் நாம் அவருடைய சரித்திரத்தை எழுதப் புகுவது சற்று விசித்திரந்தான். ஆயினும் எதிர்க்கட்சி வக்கீலின் வாதத்தையும் ஒரு தடவை காது கொடுத்துக் கேட்பதுதானே நியாயம்?

ஆர்தர் காட்டன் 1803-ம் ஆண்டில் பிறந்தவர். பதினொரு புதல்வர்களைப் பெற்ற குடும்பத்தில் பத்தாவது பிள்ளை. அடிஸ்கோம்பில் இருந்த கிழக்கிந்தியக் கம்பெனியின் ராணுவப் பள்ளியில் பயின்று, 1819-ல் சென்னை எஞ்சினீயர் படையில் நியமனம் பெற்று, 1821-ல் சென்னையில் வந்து இறங்கினார். 1824-ல் மூண்ட முதல் பர்மா யுத்தத்தில் பங்கு கொண்டார். போர்க்களத்தோடு அவருக்கிருந்த உறவு ஏறக்குறைய அவ்வளவே. பிற்காலத்தில் ஜெனரல் என்னும் உயர்ந்த பதவியை அடைந்தாரெனினும், அவருடைய பெயர் நிலைத்தது எந்தக் கோட்டையைப் பிடித்ததற்காகவும் அன்று.

அக்காலத்தில் தஞ்சை ஜில்லாவுக்கு ஒரு பெரும் கவலை இருந்தது. திருச்சிக்கு மேற்கே முக்கொம்பில் காவிரியும் கொள்ளிடமும் பிரிகின்றன. கொள்ளிடத்தின் படுகை தாழ்ந்தது. ஆகவே வெள்ளமெல்லாம் அதன் வழியே ஓடிக் கடலில் விழ, காவிரியோ ஆண்டுக்கு ஆண்டு மணல் மேடிட்டு வந்தது. இப்படியே விட்டால் சோழவள நாடு வறண்டுவிடும் என்று கண்ட காட்டன், கொள்ளிடத்தின் தலைப்பில் மேலணையையும், அதன் கீழ்ப்பகுதியில் கீழணையையும் 1836-ல் கட்டி முடித்தார். அடியில் பாறை இல்லை, ஆழங்காணா மணல். மணலின்மீது கல்லை நிறுத்தும் வித்தையை அவர் கற்றது எந்த ஐரோப்பியப் புத்தகத்திலிருந்தும் அன்று. நம் கல்லணையைப் பார்த்துக் கற்றார். இதை அவர் மறைக்கவில்லை. பெயர் தெரியாத அப்பழைய கட்டுநர்களிடமிருந்தே தாம் பாடம் பெற்றதாக வெளிப்படையாக எழுதியிருக்கிறார். ஆளும் இனத்தைச் சேர்ந்த ஒருவர் அந்நாளில் அவ்வாறு எழுதியது சாமானியமன்று. மேலணையால் பின்னர்க் காவிரிக்கு அளவுக்கு மீறி நீர் வரத் தொடங்கி, அங்கேயும் ஒரு தடுப்புக் கட்ட நேர்ந்தது என்பதையும் சொல்லிவிட வேண்டும். ஆறுகள் எஞ்சினீயர்களுக்கு எளிதில் அடங்குவதில்லை.

கோதாவரிக் கரையின் நிலைமை இன்னும் பரிதாபமானது. 1833-ம் ஆண்டுப் பஞ்சம், 1839-ல் கோரங்கியை அழித்த புயல், இடையிடையே வெள்ளம், வறட்சி. ராஜமகேந்திரவரம் ஜில்லாவில் 1821-ல் ஏறத்தாழ 7 லட்சத்து 38 ஆயிரமாக இருந்த ஜனத்தொகை, இருபது ஆண்டுகளில் 5 லட்சத்து 61 ஆயிரமாகக் குறைந்தது. பெரிய நதி ஒன்று கண்ணெதிரே ஓட, அதன் கரையிலேயே மக்கள் பட்டினியால் மடிந்தனர். இக்காட்சியைக் கண்ட காட்டன் மேலிடத்துக்கு எழுதிய அறிக்கைகளில் மரியாதைச் சொற்கள் குறைவு, கோபம் அதிகம். அனுமதி கிடைத்து 1847-ல் வேலை தொடங்கியது. தவளேசுவரம், ரல்லி, மத்தூர், விஜ்ஜேசுவரம் என நான்கு பகுதிகளாக, இடையிலுள்ள தீவுகளையும் சேர்த்து ஏறக்குறைய நான்கு மைல் தூரத்திற்கு அணை எழும்பி, 1852-ல் முடிவுற்றது. டெல்டாவில் வெட்டிய கால்வாய்கள் பாசனத்திற்கு மட்டுமன்றிப் படகுப் போக்குவரத்துக்கும் பயன்பட்டன. கோதாவரி ஜில்லாக்களில் இன்றும் ஊருக்கு ஊர் அவருக்குச் சிலை நிற்கிறது. அன்னிய ஆட்சியின் அதிகாரி ஒருவருக்கு, ஆட்சி போன பின்பும் குடியானவர்கள் மாலையிடுகிறார்கள்.

இனி ரயில் விவகாரம். 1853-ல் பம்பாய்க்கும் தாணாவுக்கும் இடையிலும், 1856-ல் இராயபுரத்திலிருந்து வாலாஜா ரோடு வரையிலும் வண்டிகள் ஓடத் தொடங்கின. ரயில் கம்பெனிகள் போட்ட முதலுக்கு 5 சதவீத வட்டி உத்தரவாதம். லாபம் வராவிட்டால் இந்திய வரிப்பணத்திலிருந்து அவ்வட்டி போய்ச் சேரும். இதைத்தான் காட்டன் விடாமல் சாடினார். ரயில் தானியத்தைச் சுமக்குமேயன்றி விளைவிக்காது. கால்வாயோ விளைவிக்கவும் செய்யும், சுமக்கவும் செய்யும், அதுவும் குறைந்த கூலிக்கு: இதுவே அவர் வாதத்தின் சாரம். கல்கத்தாவிலிருந்து கராச்சிக்கும், பொன்னானியிலிருந்து பாலக்காட்டுக் கணவாய் வழியே கோயம்புத்தூருக்கும் படகு விட அவர் திட்டம் வைத்திருந்தார்.

இதில் ஒரு வேடிக்கை உண்டு. 1837-லேயே செங்குன்றத்திலிருந்து சென்னைச் சிந்தாதிரிப்பேட்டைக்குச் சாலை போடும் கல்லை ஏற்றிவரத் தண்டவாளம் போடப்பட்டது. நம் நாட்டின் முதல் இருப்புப் பாதை என்று சொல்லப்படும் அதற்குக் காரணகர்த்தா காட்டனேதான்! தவளேசுவரத்து அணைக்குக் கல் சுமந்ததும் தண்டவாளத்தின்மேல் ஓடிய வண்டிகளே. ஆக, அவருக்கு ரயிலின் அருமை தெரியாமலில்லை.

அவர் சொன்னதெல்லாம் பலித்ததா? இல்லை. அவருடைய யோசனையை நம்பித் துங்கபத்திரையில் தொடங்கிய கர்நூல்-கடப்பைக் கால்வாய் படுதோல்வி அடைந்தது. கரிசல் மண் குடியானவர்கள் மழை பொய்த்த ஆண்டிலன்றித் தண்ணீர் வாங்க முன்வரவில்லை. 1882-ல் அரசாங்கமே அதை ஏற்க வேண்டியதாயிற்று. டெல்டாவில் பலித்தது மேட்டுநிலத்தில் பலிக்கும் என்று அவர் எண்ணியது பெரும் பிழை என்பதே நம் அபிப்பிராயம். ஆயினும் 1876 முதல் 1878 வரை தென்னாட்டை வாட்டிய தாது வருஷப் பஞ்சத்தில், தண்டவாளம் இருந்த ஜில்லாக்களிலும் லட்சக்கணக்கானோர் மாண்டனர். வண்டியில் அரிசி வந்தது. வாங்கக் கையில் காசில்லை. 1878-ல் லண்டன் பார்லிமெண்டுக் கமிட்டியின்முன், எழுபத்தைந்து வயதில், காட்டன் சாட்சி சொன்னார். கமிட்டி அவர் பக்கம் சாயவில்லை.

ஓய்வுக்காலத்தில் டார்க்கிங் நகரில் குடியிருந்து, அரபு மொழிக்குப் பாலபாடம் எழுதினார். தோட்டத்து மண்ணை ஆழக் கிளறிக் கோதுமை பயிரிட்டு விளைச்சலை அளந்துகொண்டிருந்தார். 1899 ஜூலையில் காலமானார்.

அடுத்த ஆண்டு, 1900-ல், கோதாவரியின்மேல் முதல் ரயில் பாலம் திறக்கப்பட்டது. சென்னைக் கவர்னர் ஹாவ்லாக்கின் பெயரைத் தாங்கிய அப்பாலம் 1997 வரை வண்டிகளைச் சுமந்தது. பழைய அணைக்குப் பதிலாக 1982-ல் முடிந்த புதிய அணைக்குக் காட்டனின் பெயரையே வைத்தார்கள். முக்கொம்பில் அவர் கட்டிய மேலணையின் மதகுகள் ஒன்பது 2018 ஆகஸ்டு வெள்ளத்தில் அடித்துச் செல்லப்பட்டன. அதற்குள் அதற்கு வயது 182 ஆகியிருந்தது. ஹாவ்லாக் பாலத் திறப்பு விழாவுக்கு அக்கிழவர் உயிரோடு இருந்திருந்தால், அதற்கான செலவில் எத்தனை மைல் கால்வாய் வெட்டியிருக்கலாம் என்று கணக்குப் போட்டு, மறுநாளே ஒரு துண்டுப் பிரசுரம் வெளியிட்டிருப்பார்.