லெசெப்ஸ்: கால்வாய் கண்ட தூதர்

சூயஸ் கால்வாயை நாமறிவோம். அதை வெட்டுவித்த பெர்டினான் டி லெசெப்ஸ் பொறியாளரல்லர், பிரெஞ்சுத் தூதர் என்பதை நம்முள் பலர் அறியோம்.

1805-இல் பிறந்த அவர், எகிப்தில் தூதரகப் பணியாற்றியபோதே கால்வாய்க் கனவு கொண்டார். அரசகுமாரர் சையதின் நட்பையும் பெற்றார். 1849-இல் ரோமாபுரிக்குத் தூது சென்று, தம் அரசின் கண்டனத்துக்குள்ளாகிப் பதவி துறந்தார். 1854-இல் எகிப்தின் ஆட்சிக்கு வந்த சையது, பழைய நண்பருக்குக் கால்வாய் உரிமையளித்தார். பிரிட்டனின் எதிர்ப்பைத் தாண்டி, முதலில் குடியானவரின் கட்டாய உழைப்பாலும் பின்னர் இயந்திரங்களாலும் வெட்டப்பெற்ற கால்வாய், 1869 நவம்பர் 17-இல் திறக்கப்பட்டது.

அதே பிடிவாதத்தோடு பனாமாவிலும் கடல்மட்டத்திலேயே கால்வாய் வெட்ட முனைந்தார். மலை மறித்தது, மலேரியாவும் மஞ்சள் காய்ச்சலும் ஆயிரக்கணக்கானோரை மாய்த்தன. 1889-இல் கம்பெனி முறியவே, சேமிப்பை முதலிட்ட எளியோர் கலங்கினர்.

மணலில் வென்ற மனவுறுதி மலையில் தோற்றது. உறுதியைப் போற்றுவோம், நிலமறிந்து உறுதிகொள்ளவும் கற்போமாக!