கடல் போட்ட பூட்டு

ஆற்றுத் தண்ணீர் எந்தப் பக்கம் ஓடும்? ‘கடலைப் பார்த்துத்தான், இதென்ன கேள்வி?’ என்பீர்கள். லண்டனுக்கு வடகிழக்கே, எஸ்ஸெக்ஸ் கடலோரத்தில் உள்ள பிளாக்வாட்டர் கழிமுகத்தில் அப்படி இல்லை. தினமும் இரண்டு முறை கடல் உள்ளே ஏறி வரும், இரண்டு முறை வடியும். வடிந்தால், எங்கு பார்த்தாலும் சேறும் உப்புச் சதுப்பும்தான்! அங்கே மால்டன் என்ற ஊர். ஊரை அடுத்து நார்தே என்ற குட்டித் தீவு. தீவுக்குப் போக, நம்ம ஊர் தரைப்பாலம் மாதிரி தாழ்வான ஒரு பாதை. கடல் ஏறினால் பாதை மூழ்கிவிடும்.

கி.பி. 991, ஆகஸ்ட் மாதம். இப்ஸ்விச் நகரைச் சூறையாடிய வைக்கிங் கொள்ளையர்கள், அடுத்து இங்கே வந்து இறங்கினார்கள். (அவர்கள் இறங்கியது நார்தேயில்தான் என்பது பெரும்பாலான ஆய்வாளர்களின் கருத்து.) எதிர்க்கரையில் படையோடு நின்றவர் எஸ்ஸெக்ஸின் தலைவர் பிர்ட்நாத். தலை நரைத்த கிழச் சிங்கம்! ‘பொன் கொடுத்தால் போய்விடுகிறோம்’ என்றவர்களுக்கு, அவர் ஈட்டியைக் காட்டினார்.

தண்ணீர் வடிந்தது. பாதையோ ஒடுக்கம். மூன்றே வீரர்கள் நின்று அதை மறித்துவிட்டார்கள். கடலே போட்டுத் தந்த பூட்டு! திணறிப்போன வைக்கிங்குகள், ‘எங்களைக் கரையேற விடுங்கள், நேருக்கு நேர் மோதுவோம்’ என்று கேட்டார்கள். பிர்ட்நாத் சம்மதித்தார்!

அப்புறமென்ன? பிர்ட்நாத் வீழ்ந்தார். ஒருவன் அவருடைய குதிரையிலேயே ஏறித் தப்பி ஓட, தலைவரே ஓடுகிறார் என்று நினைத்துப் பலரும் பின்னால் ஓடினார்கள். மிச்சமிருந்தவர்கள் கடைசிவரை போரிட்டுச் செத்தார்கள்.

இதையெல்லாம் சொல்வது, தலையும் வாலும் தொலைந்துபோன ஒரு பழைய ஆங்கிலப் பாட்டு. மூலச் சுவடி 1731-ல் லண்டனில் தீயில் எரிந்துவிட்டது. நல்லவேளை, அதற்கு முன்பே யாரோ நகல் எடுத்து வைத்திருந்தார்கள்.

அந்தக் கவிஞர், பிர்ட்நாத்தின் கர்வத்தைக் குறை சொல்கிறார். ஆனால், கொஞ்சம் யோசியுங்கள்... வழிவிடாமல் இருந்திருந்தால், அவர்கள் கப்பலேறி வேறொரு ஊரைக் கொளுத்தியிருப்பார்கள். கையில் படை இருக்கும்போதே கதையை முடித்துவிட அவர் நினைத்திருக்கலாம்.

கணக்கு தப்பியது. அந்த வருடமே இங்கிலாந்து 10,000 பவுண்டு கப்பம் கட்டியது. 994-ல் 16,000. 1002-ல் 24,000. கொடுக்கக் கொடுக்கப் பசி வளர்ந்தது! 1016-ல் டென்மார்க்கின் கனூட் இங்கிலாந்துக்கே ராஜாவாகிவிட்டார்.

நார்தே பாதையை இன்றும் கடல் மூடித் திறக்கிறது. அன்று அந்தக் கரையில் நீங்கள் நின்றிருந்தால், வழி விட்டிருப்பீர்களா?